இலக்கியம் வெறும் கண்ணாடிதானா?

"இலக்கியம் காலத்தைக் காட்டும் கண்ணாடி" என்னும் தொடரை நம் பிள்ளைகள் தேர்வுத்தாள்களில் ஆண்டுதோறும் எழுதி வருகின்றனர். நாமும் நம் பள்ளிப் பருவத்தில் எழுதியவர்களே. இலக்கிய விழா மேடையில் ஏறுவோரும் இத்தொடரைச் சொல்லாமல் இறங்குவதில்லை. பழகிப்போன சொல்லாதலின், அதன் பொருளை நின்று எண்ணிப் பார்ப்போர் குறைவு. கண்ணாடி தன்முன் நிற்பவற்றை எல்லாம் ஒன்றுபோலக் காட்டும். எதையும் விரும்பிக் காட்டுவதோ வெறுத்து மறைப்பதோ இல்லை. இலக்கியம் அவ்வாறு செய்வதுண்டா? எழுதுபவர் ஓர் இடத்தில் நின்று பார்க்கிறார். சிலவற்றைக் காண்கிறார், சிலவற்றைக் காணாது விடுகிறார். கண்டவற்றிலும் சிலவற்றையே எழுதுகிறார். அவர் எங்கே நின்றார், எதைக் கண்டார், எதை விட்டார், ஏன் விட்டார் என்று கேட்பதே இலக்கியத் திறனாய்வின் பணியாகும். இம்மாதம் இப்பகுதியில் அதுபற்றியே சிந்திப்போம். எடுத்துக்காட்டுகளைத் தேடி நெடுந்தொலைவு போக வேண்டியதில்லை. போடிநாயக்கனூருக்கு மேற்கே எழுந்து நிற்கும் மலைச்சரிவுகளே நமக்குப் போதுமானவை.

இலக்கியத்திற்கும் சமுதாயத்திற்கும் உள்ள உறவு குறித்துத் தமிழில் நடந்த பெரிய வாதங்களில் ஒரு தரப்பின் முதல்வர் நம் பகுதியோடு தொடர்புடையவர். சி. சு. செல்லப்பா என்னும் பெயரில் உள்ள 'சி' நம் சின்னமனூரையே குறிப்பதாகும். வத்தலக்குண்டில் வளர்ந்த அவர், 1959 ஜனவரியில் 'எழுத்து' என்னும் திங்களிதழைத் தொடங்கி, கைப்பொருளை இழந்தும் 1970 வரை நடத்தினார். ஒரு படைப்பின் சொல், அமைப்பு, உத்தி ஆகியவற்றை நுணுகி அலசிப் பார்த்தே அதன் தகுதியைச் சொல்ல வேண்டும் என்பது அவருடைய கொள்கை. மறுதரப்பில் நின்றவர்களுள் தலையாயவர் ஈழத்துப் பேராசிரியர் க. கைலாசபதி. 1968இல் வெளிவந்த 'தமிழ் நாவல் இலக்கியம்' என்னும் நூலில், நாவல் என்னும் வடிவமே சமுதாய மாற்றத்தின் விளைவு என்றும், சமுதாயத்தை விடுத்து அதனை விளக்க இயலாது என்றும் அவர் வாதிட்டார். 'எழுத்து' வழி வந்த வெங்கட் சாமிநாதன் அந்நூலைக் கடுமையாக மறுத்து எழுதினார். கலையழகா, சமுதாயப் பொருளா என்னும் இவ்வழக்கு அந்நாளில் பல இதழ்களில் நடைபெற்றது.

இரு தரப்பாரும் பெரியோர். எனினும், இவ்வழக்கில் ஒருவரை ஏற்று மற்றவரைத் தள்ள வேண்டும் என்பது நம் கருத்தன்று. செல்லப்பாவின் 'வாடிவாசல்' குறுநாவலையே எடுத்துக்கொள்வோம். ஒரு பிற்பகலில் ஒரு வாடிவாசலில் நடந்து முடியும் கதை அது. அதன் கட்டுக்கோப்பைப் போற்றாதவர் இல்லை. ஆயினும், மாட்டை அணைய வந்தவனுக்கும் மாட்டுக்கு உரிமையாளரான ஜமீன்தாருக்கும் இடையே உள்ள ஏற்றத்தாழ்வை நீக்கிவிட்டால் அக்கதையில் என்ன மிஞ்சும்? ஜமீன்தாரின் காளையை ஒருவன் அடக்குவது வெறும் விளையாட்டாக அங்கே முடிவதில்லை. வடிவத்தைப் போற்றியவரின் படைப்பிலேயே சமுதாயம் வடிவத்தைத் தாங்கி நிற்கிறது. எனவே, 'சமுதாயம் கதையின் பொருளில் மட்டும் இருக்கிறதா, கதையின் அமைப்பிலும் இருக்கிறதா?' என்று கேட்பது பயனுடையதாகும். அமைப்பிலும் இருக்கிறது என்பதே நாம் இங்கே காட்ட விழைவது.

நம் மலைக்கு வருவோம். மேலே இரு பயிர்கள் இரு வேறு உலகங்களை அமைத்துள்ளன. ஒன்று தேயிலை, மற்றொன்று ஏலம். மூணாறுத் தேயிலை ஒரு காலத்தில் நம் ஊர் வழியாகவே வெளியுலகம் சென்றது. மலைமேல் சிறு இரயிலில் டாப் ஸ்டேஷன் வரை வந்து, அங்கிருந்து கம்பியில் தொங்கும் பெட்டிகளில் கொட்டகுடிக்கு இறங்கி, பின்னர் போடியை அடைந்தது. 1924ஆம் ஆண்டுப் பெருவெள்ளம் அச்சிறு இரயில் பாதையை அழித்தது. 1928இல் மதுரையிலிருந்து போடிக்கு இரயில் வந்தது. ஆகவே தேயிலையும் ஏலமும் ஆகிய இரண்டும் நம் ஊரார் கண்டறிந்த பயிர்களே. ஆயினும், அவற்றில் உழைப்போரின் வாழ்க்கை ஒன்றுபோல் அமையவில்லை.

தேயிலையை ஆண்டு முழுவதும் கிள்ள வேண்டும். கிள்ளிய கொழுந்தை அன்றே ஆலைக்குச் சேர்க்க வேண்டும். ஆதலின் உழைப்போர் தோட்டத்திலேயே குடியிருக்க வேண்டும் என்பது முதலாளிகளின் தேவையாயிற்று. நெடுந்தொலைவிலுள்ள வறண்ட சிற்றூர்களிலிருந்து, முன்பணம் கொடுத்து, கங்காணிகள் வழியாகக் குடும்பங்களைக் கொண்டுவந்தனர். வரிசை வரிசையாக லயங்களைக் கட்டிக் குடியமர்த்தினர். கடன் தீரும்வரை ஊர் திரும்ப இயலாது. கடனோ எளிதில் தீர்வதில்லை.

ஏலம் அவ்வாறன்று. பெருமர நிழலில் வளரும் அச்செடியின் காய், தூரின் அடியில் தரையோடு படர்ந்த சரங்களில் விளைகிறது. எல்லாக் காயும் ஒருசேர முற்றுவதில்லை. ஆதலின் பருவகாலத்தில் பல நாள் இடைவெளி விட்டுப் பலமுறை எடுக்க வேண்டும். குனிந்தும் குந்தியும் எடுக்கும் இவ்வேலையைப் பெரிதும் பெண்களே செய்கின்றனர். மேலே தங்கி வேலை செய்வோர் உண்டு. எனினும் போடி, தேவாரம், உத்தமபாளையம், கம்பம் பகுதிகளிலிருந்து விடியுமுன் ஜீப்பில் ஏறி, மலைச்சாலையின் வளைவுகளைக் கடந்து, வேலை முடிந்து மாலையில் வீடு திரும்புவோர் மிகப் பலர். மலை அவர்களுக்குப் பணியிடம். வீடு கீழே உள்ளது.

இவ்வேறுபாட்டை மனத்தில் கொண்டு கதைகளைப் பார்ப்போம். தேயிலைத் தோட்டத்தைப் பற்றிய கதைகள் பெரும்பாலும் ஒரே அமைப்பைக் கொண்டுள்ளன. புதுமைப்பித்தன் 1935இல் எழுதிய 'துன்பக்கேணி' திருநெல்வேலிச் சீமையில் தொடங்கி இலங்கைத் தோட்டத்துக்குச் செல்கிறது. முல்க் ராஜ் ஆனந்த் 1937இல் ஆங்கிலத்தில் எழுதிய 'இரண்டு இலைகளும் ஒரு மொட்டும்' நாவலில், பஞ்சாப் உழவன் ஒருவன் ஆசை வார்த்தைகளை நம்பிக் குடும்பத்தோடு அஸ்ஸாம் தோட்டத்துக்குப் போய் அங்கேயே மடிகிறான். ஆனைமலைத் தோட்டங்களில் மருத்துவராகப் பணிபுரிந்த பி. எச். டேனியல் 1969இல் வெளியிட்ட 'ரெட் டீ' என்னும் ஆங்கில நாவலில், கருப்பன், வள்ளி என்னும் இளந்தம்பதியர் மேஸ்திரியின் பேச்சில் மயங்கித் தென்கோடிச் சிற்றூரிலிருந்து மலையேறுகின்றனர்; ஏறியபின் கடனிலும் காய்ச்சலிலும் அகப்படுகின்றனர்.

இம்மூவரும் வெவ்வேறு காலத்தவர், வெவ்வேறு கொள்கையினர். அவர்கள் எழுதிய மலைகளும் வெவ்வேறு. எனினும் வறுமை, ஆள்பிடிப்பவன், நெடும்பயணம், தோட்டத்துக்குள் அடைபடுதல் என்னும் வரிசை மூன்றிலும் காணப்படுகிறது. ஒருவரைப் பார்த்து மற்றவர் எழுதினார் என்று இதற்கு விளக்கம் கூற வேண்டியதில்லை. முன்பணமும் கங்காணியும் லயமும் சேர்ந்து வகுத்த பாதை அது. தொழில் முறை வகுத்த பாதையிலேயே கதையும் நடந்தது. 1964இல் பிரெஞ்சுத் திறனாய்வாளர் லூசியன் கோல்ட்மான், நாவலின் அமைப்புக்கும் சமுதாயப் பொருளாதார அமைப்புக்கும் ஒப்புமை உண்டு என்று ஒரு நூலில் விளக்கினார். நூலகத்தில் இருந்து படிக்கும்போது கடினமாகத் தோன்றும் அக்கருத்து, மலையடிவாரத்தில் இருப்போருக்கு எளிதில் விளங்குவதே.

ஏல மலையின் கதையோ வேறு வடிவம் பெறுகிறது. இங்கே நாம் ஒரு திரைப்படத்தைக் குறிப்பிட வேண்டியுள்ளது. திரைப்படம் இலக்கியமாகுமா என்று ஐயுறுவோர் உளராயினும், கதை சொல்லும் கலை என்ற அளவில் அதனையும் திறனாய்வு ஏற்றுக்கொள்கிறது. லெனின் பாரதி இயக்கி 2018 ஆகஸ்டில் வெளிவந்த 'மேற்குத் தொடர்ச்சி மலை' நம் தேனி மாவட்டச் சரிவுகளையே களமாகக் கொண்டது. ரங்கசாமி என்னும் சுமைதூக்கும் தொழிலாளி அதன் நாயகன். அடிவாரத்துக்கும் மலைத்தோட்டத்துக்கும் இடையே ஏறுவதும் இறங்குவதுமே அவன் வாழ்க்கை. கீழே சிறிதளவு நிலம் வாங்க வேண்டும் என்பது அவன் ஆசை. அதற்கென்று சேர்த்த பொருள் ஏலக்காய் மூட்டையாக அவன் முதுகில் இறங்கி வரும்போது, மூட்டை சரிந்து பள்ளத்தில் உருண்டு சிதறுகிறது.

அப்படத்தில் அடைபடுதல் இல்லை. ஆள்பிடித்துச் செல்வோர் இல்லை. நெடும்பயணமும் இல்லை, நாள்தோறும் போய்வரும் நடையே உள்ளது. அதனால் கதையும் நடந்தே செல்கிறது. வழியில் எதிர்ப்படுவோர், சுமை இறக்கி இளைப்பாறும் இடங்கள், கூடவே ஏறும் முதியோர் என்று ஒவ்வொன்றாய் வந்து போகின்றன. 'கதை விரைந்து செல்லவில்லை' என்று குறைகூறியோரும் உண்டு. ஆனால், சுமை தாங்கியவன் ஏறும் மலையில் கதை மட்டும் எவ்வாறு விரையும்? இதனை உணர்த்துவதே திறனாய்வின் உதவி. அமைப்பின் குறை என்று தோன்றுவது, அவ்வாழ்க்கையின் நடையே என்பதை அது நமக்குக் காட்டுகிறது. துன்பத்தின் வகையும் இங்கே வேறு. தேயிலைக் கதையில் மனிதன் வெளியேற முடியாமல் துன்புறுகிறான். ஏல மலைக் கதையில் எங்கும் போய்வர அவனுக்கு உரிமை உண்டு. காலூன்ற ஒரு துண்டு நிலம் மட்டும் கிட்டுவதில்லை. கிட்டிய நிலமும் கடனில் போகிறது. முடிவில் தன்னுடையதாயிருந்த நிலத்தில் எழுந்த காற்றாலைக்கு அவன் காவலாளியாகிறான்.

அமைப்பைப் பற்றிக் கேட்டபின், எழுதியவர் எங்கே நின்றார் என்பதைக் கேட்க வேண்டும். புதுமைப்பித்தன் இலங்கைத் தோட்டத்தை நேரில் கண்டவரல்லர். கேட்டறிந்ததைக் கற்பனையால் உருவாக்கினார். டேனியல் தோட்டத்து மருத்துவர்; நோயுற்ற உடல்களைத் தொட்டறிந்தவர்; தொழிற்சங்கத்திலும் பங்கேற்றவர். மூணாறு, தேவிகுளம் பகுதியில் கங்காணிக் குடும்பத்தில் வளர்ந்த டி. செல்வராஜ், 'தேநீர்' என்னும் நாவலில் தேயிலைத் தொழிலாளர் வாழ்வை எழுதினார். பிற்காலத்தில் திண்டுக்கல் தோல் பதனிடும் தொழிலாளரைப் பற்றிய 'தோல்' நாவலுக்காக 2012ஆம் ஆண்டின் சாகித்திய அகாதெமி விருது பெற்றவரும் இவரே. தொலைவிலிருந்து ஒருவர், மருந்தகத்திலிருந்து ஒருவர், கங்காணி வீட்டிலிருந்து ஒருவர். மூவரும் ஒரே வகைத் தோட்டத்தைப் பார்த்தாலும், மூவருக்கும் தெரிந்தவை ஒன்றல்ல. இதனைக் கூறுவது அவர்களைக் குறை கூறுவதாகாது. எந்தப் பலகணி வழியே பார்க்கிறோம் என்பதை அறிந்து படித்தால், காட்சியின் எல்லையும் நமக்குத் தெரியும் என்பதே கருத்து.

யாருக்காக எழுதப்பட்டது என்பதும் கேட்கத்தக்கது. டேனியலின் நூல் ஆங்கிலத்தில் இருந்தது. அதில் வரும் கருப்பனும் வள்ளியும் போன்றோரால் அதனைப் படித்திருக்க முடியாது. இரா. முருகவேளின் மொழிபெயர்ப்பில் 'எரியும் பனிக்காடு' என்னும் பெயரோடு அது தமிழுக்கு வந்தது 2007இல். தம் கதை தம் மொழிக்கு வந்து சேர 38 ஆண்டுகள் ஆயின. நூலுக்குள் தேடினால் இந்தக் காத்திருப்பு தென்படாது. ஆயினும் அதுவும் அந்நூலின் சமுதாய வரலாற்றைச் சேர்ந்ததே.

இனி, நம் வாசகர் பலரின் மனத்தைத் தொட்ட ஒன்றையும் கூறாது விடலாகாது. அந்நாவலைத் தழுவி 2013இல் 'பரதேசி' என்னும் திரைப்படம் வந்தது. நாவலில் வரும் ஆபிரகாம் என்னும் மருத்துவர் தொழிலாளர்பால் பரிவுடையவர். ஆசிரியரின் சாயல் அவரிடம் உண்டு. படத்திலோ, கொள்ளைநோய்க்கு மருத்துவம் செய்ய வந்த கிறிஸ்தவ மருத்துவர் மதமாற்றத்திலேயே கருத்தாக இருப்பவராகக் காட்டப்பட்டார். இம்மாற்றம் அப்போதே விமரிசிக்கப்பட்டது. நம்மவர் பலர் மனம் வருந்தினர். வருத்தம் இயல்பே. எனினும் வருத்தத்தோடு நின்றுவிட்டால் அது திறனாய்வாகாது. ஒரு பாத்திரம் 1969இல் ஒருவாறும் 2013இல் வேறொருவாறும் தோன்றுவது ஏன்? மீண்டும் சொல்லப்படும் கதையில், சொல்லப்படும் காலத்தைவிடச் சொல்லும் காலம் மிகுதியாகப் பேசிவிடுவதுண்டு. மருத்துவப் பணியும் சமயப் பணியும் குறித்து இந்நாளில் நிலவும் ஐயங்கள் அந்நாளைய தோட்டத்துக்குள் கொண்டுபோய் வைக்கப்பட்டன எனலாம்.

இதே கேள்வியை நமக்குப் பிடித்த மூலநூலின்மேலும் வைப்பதே நேர்மை. மருத்துவர் எழுதிய நாவலில் மருத்துவரே நன்மையின் குரலாக வரும்போது, தொழிலாளர் தமக்காகத் தாமே எழுந்து நின்றது அதில் எவ்வளவு இடம் பெற்றது என்றும் கேட்க வேண்டும். நமக்கு உவப்பான நூலிடம் கேட்கத் தயங்கும் கேள்வியை நமக்கு உவப்பில்லாத நூலிடம் மட்டும் கேட்டால், அது வழக்காடுதல் ஆகுமேயன்றித் திறனாய்வு ஆகாது.

கதையில் யார் இல்லை என்பதே இறுதியாக நாம் கேட்க வேண்டியது. 2015 செப்டம்பரில் மூணாறில் 'பெண்கள் ஒற்றுமை' என்னும் பொருள்தரும் 'பெம்பிளை ஒருமை' என்ற பெயரில் தேயிலைப் பெண் தொழிலாளர் திரண்டு, ஊதியமும் போனசும் கேட்டு வீதியில் அமர்ந்தனர். ஆண்கள் தலைமை தாங்கிய சங்கங்களையே ஒதுக்கி வைத்துத் தம் குரலில் தாமே பேசினர். பெரும்பாலோர் தமிழ்ப் பெண்கள். அவர்களுடைய பேச்சைக் கேட்டவர்கள், இத்தனை ஆண்டுகளாகக் கதைகளில் அழுதுகொண்டே இருந்த தோட்டப் பெண்தானா இவள் என்று வியந்திருப்பர். 2020 ஆகஸ்ட் 6ஆம் நாள் இரவில் பெட்டிமுடியில் மலை சரிந்து லயங்களை மூடியபோது 70 உயிர்கள் போயின. அவர்களில் பலருடைய பூர்விகம் கயத்தாறு வட்டாரம் என்று செய்தித்தாள்களில் படித்தோம். நூற்றாண்டுக்கு முன் கங்காணி காட்டிய வழி இன்னும் அழியவில்லை என்பதை அச்செய்தியே கூறிற்று. நாவலைப் படித்தவர்க்கு அச்செய்தி வெறும் விபத்துச் செய்தியாக இராது. அத்தனை குடும்பங்கள் ஏன் ஒரே வரிசையில் குடியிருந்தன என்ற கேள்வி உடன் எழும். இலக்கியம் நமக்குத் தரும் பயிற்சி இதுவே.

நம் ஊர்ப் பெண்களையும் நினைப்போம். ஜீப்பில் நெருக்கியமர்ந்து மலையேறுவோர், ஏலக்காய்க் கடைகளில் குந்தியிருந்து நிறமும் பருமனும் பார்த்துக் காயைத் தரம் பிரிப்போர் ஆகியோரின் நாள் எவ்வாறு கழிகிறது? மூன்று மணிக்கு எழுந்து உலை வைப்பது முதல் இரவு விளக்கணைப்பது வரை அவர்களிடம் எத்தனை கதைகள் உள்ளன? நாட்டார் பாடல்களைத் தொகுத்து 1964இல் 'தமிழர் நாட்டுப் பாடல்கள்' நூலை வெளியிட்ட நா. வானமாமலை, எழுதப்படாத இலக்கியமும் திறனாய்வுக்கு உரியதே என்பதைத் தமிழுலகுக்கு உணர்த்தினார். அவர் சிற்றூர்களிலிருந்து பாடல்களைத் திரட்டியது, எளியோர் சொல்லும் வரலாறு என்று எண்ணியதனாலேயே. நம் மலையடிவாரத்திலும் அவ்வாறு திரட்டத்தக்கவை இருக்கின்றன. சொல்வோர் முதுமை எய்தி வருகின்றனர் என்பதும் நினைவிலிருக்க வேண்டும்.

ஆதலின் நம் குடும்பங்களுக்கு ஒரு வேண்டுகோள். வீட்டில் ஒரு கதையைப் படித்தபின், அல்லது ஒரு படத்தைப் பார்த்தபின், 'நன்றாக இருந்தது' என்று சொல்லி எழுந்துவிடாமல், சிறிது நேரம் பிள்ளைகளோடு அமர்ந்து நான்கு கேள்விகளைக் கேளுங்கள். இக்கதை ஏன் இந்த வடிவில் அமைந்தது? சொல்பவர் எங்கே நின்று பார்க்கிறார்? யாருக்காகச் சொல்கிறார்? நாம் அறிந்தவர்களில் யார் இதில் இல்லை? இவற்றுக்கு விடை காணப் பட்டப்படிப்பு வேண்டியதில்லை. ஏலக்காய் எடுத்து வந்த அம்மாவே நான்காம் கேள்விக்கு நல்ல விடை சொல்லக்கூடும். அவர் சொல்வதை ஒரு குறிப்பேட்டில், அவர் சொன்ன சொல்லிலேயே, நாளும் ஊரும் குறித்து எழுதி வைக்கும்படி பிள்ளைகளுக்குப் பழக்குங்கள். பள்ளிக் கட்டுரைக்கும் அது உதவும். இம்மலையைப் பற்றி நாளை எழுதப் புகும் ஒருவருக்கு அக்குறிப்பேடே முதல் ஆதாரமாகவும் அமையலாம்.